சைமா இரண்டை அமுக்கினாள்

அந்தக் குளிர்காலத்தில் எங்கள் ஊருக்கு ஒரே ஒரு பாட்டுதான். அதில் வார்த்தை கிடையாது. ஒரு பியானோ நாலு படி ஏறும், மூன்று படி இறங்கும், எதையோ மறந்துவிட்டதுபோல் நிற்கும், மறுபடி ஏறும். வேலையில்லாதோர் உதவித்தொகைக்காக மாநில அலுவலகத்தைக் கூப்பிட்டால், ஆள் வரும்வரை காதில் ஓடுகிற பாட்டு அது. மில் மூடிக் கிடந்தது. நூற்றெழுபது பேர் வீட்டில் இருந்தோம். காலை எட்டு அடித்ததும் அத்தனை பேரும் ஒரே எண்ணை அமுக்கினோம். போனை ஸ்பீக்கரில் போட்டுச் சமையலறை மேசைமேல் வைத்துவிட்டு அவரவர் வேலையைப் பார்ப்போம். பனி விழும்போது தெருவில் நடந்தால் வீட்டுக்கு வீடு அந்தப் பியானோ கசியும். ஒரு வீட்டில் ஏறிக்கொண்டிருக்கும், பக்கத்து வீட்டில் இறங்கிக்கொண்டிருக்கும். ஊரே தூக்கத்தில் முனகுகிற மாதிரி இருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை லூத்தரன் தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்கிறவர் கை தவறி அதையே வாசித்துவிட்டார். யாரும் சிரிக்கவில்லை. முன்வரிசையில் ஒருத்தர் போனை எடுக்கிற மாதிரி கையை நீட்டினார்.

நான் சொல்லவந்தது சைமா ரௌட்டியோவைப் பற்றி.

மேப்பிள் கட்டையையும் பிர்ச் கட்டையையும் சுழலவிட்டு, காகிதம்போல் மெல்லிய தகடாக உரித்தெடுப்பதுதான் எங்கள் மில்லின் வேலை. பெரிய பெரிய வீடுகளில் கதவுக்கும் அலமாரிக்கும் மேலே ஒட்டுவார்கள். நான் இருபத்திரண்டு வருஷம் அங்கே ஃபோர்க்லிஃப்ட் ஓட்டியிருக்கிறேன். சைமா முப்பத்தொரு வருஷம் தரம் பிரித்திருக்கிறாள். கையில் ஒரு சிவப்பு மெழுகுக் கட்டி. பெல்ட்டில் தகடு வரும். மூன்று செகண்டுக்கு ஒன்று. நல்லது என்றால் விட்டுவிடுவாள். முடிச்சோ கீறலோ இருந்தால் ஒரு கோடு. யாரிடமும் கேட்க மாட்டாள், இரண்டாவது தடவை பார்க்க மாட்டாள்.

ஒரு தடவை கடுகளவு முடிச்சுக்காக ஒரு நல்ல தகட்டின்மேல் கோடு போட்டாள். நான் வண்டியை நிறுத்திவிட்டு, "இதை யாரு பார்க்கப்போறா?" என்றேன்.

"நான் பார்த்துட்டேனே" என்றாள். அதற்குள் நாலு தகடு போய்விட்டது.

அந்த வருஷம் நாட்டில் வீடு கட்டுவது நின்றுபோனது. அக்டோபர் கடைசியில் எங்களைச் சாப்பாட்டுக் கூடத்தில் கூட்டி, "வசந்தத்துல ஏரிப் பனி உடையறப்போ கூப்பிடறோம்" என்றார்கள். ஆளுக்கு ஒரு மஞ்சள் தாள் கொடுத்தார்கள், உதவித்தொகைக்கு எப்படி மனுப் போடுவது என்று. மனுப் போட்டால் முடிந்துவிடாது. வாராவாரம் போன் போட்டு, போன வாரத்துக்குக் கணக்குச் சொல்ல வேண்டும். அதற்கு ஆள் கிடையாது, இயந்திரக் குரல்தான். வேலை இல்லாமல் இருந்தீர்களா, வேலை தேடினீர்களா, ஏழு நாளும் வேலைக்குப் போகத் தயாராக இருந்தீர்களா என்று கேட்கும். ஆம் என்றால் ஒன்று, இல்லை என்றால் இரண்டு. எனக்கும் சைமாவுக்கும் செவ்வாய்க்கிழமை.

இப்போது நவம்பர் பதினைந்துக்கு வருகிறேன். எங்கள் பக்கத்தில் அது வெறும் தேதி இல்லை. மான் வேட்டை தொடங்குகிற நாள். பள்ளிக்கூடம் இல்லை, பல் டாக்டர் இல்லை, முடி வெட்டுகிறவர் இல்லை. பதினான்காம் தேதி யாராவது இறந்துபோனால் பதினாறாம் தேதிதான் அடக்கம். இறந்தவர் தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டார். உயிரோடு இருந்தால் அவரும் காட்டில்தான் இருந்திருப்பார்.

சைமாவின் நிலம் ஏரிக்கரையிலிருந்து பின்பக்கமாகத் தேவதாரு மரங்கள் நிற்கிற சதுப்பு வரை போகும். அங்கே அவளும் அவள் புருஷன் ஓனியும் சேர்ந்து அடித்த ஒரு மரக்குடில் இருக்கிறது. இரண்டு பேர் உட்காரலாம், முழங்கால் இடிக்கும். முன்னால் துப்பாக்கி நீட்ட ஒரு நீளமான துவாரம். ஓனி போய்ச் சேர்ந்து ஆறு வருஷம் ஆகிறது. சைமா மட்டும் ஒவ்வொரு வருஷமும் விடிவதற்கு முன்னால் துப்பாக்கி, காப்பி, கம்பு ரொட்டி எடுத்துக்கொண்டு போய் உட்காருவாள். தன் கை தனக்குத் தெரியாமல் போகிற நேரத்துக்குத் திரும்புவாள். அந்த ஆறு வருஷத்தில் அவள் ஒரு தோட்டாவும் சுட்டதில்லை.

அந்த வருஷம் பதினைந்தாம் தேதி வியாழக்கிழமை வந்தது. நாங்கள் எல்லாரும் காட்டில் இருந்தோம். அடுத்த செவ்வாய் போன் போட்டோம். ஏழு நாளும் தயாராக இருந்தீர்களா என்று குரல் கேட்டது. நான் ஒன்றை அமுக்கினேன். ஊரே ஒன்றை அமுக்கியது.

சைமா இரண்டை அமுக்கினாள். குரல் நன்றி சொல்லிவிட்டு அடுத்த கேள்விக்குப் போனது.

பணம் நின்றது. பிறகு ஒரு கடிதம் வந்தது. அதை அவள் ரொட்டிக்கடைக்கு எடுத்துவந்தாள், புதன்கிழமை. புதன்கிழமை நாங்கள் வேலை தேடுகிற நாள். வாரத்துக்கு மூன்று இடத்தில் வேலை கேட்டதாக எழுதி வைக்க வேண்டும், கேட்டால் காட்ட வேண்டும். எங்கள் ஊரில் கடை என்று இருப்பதே பதினொன்று. ரொட்டிக்கடை ரே கல்லாப்பெட்டியில் ஒரு பேனாவைக் கயிறு போட்டுக் கட்டிவைத்திருந்தான். அடுப்பு ஆவியில் கண்ணாடி முழுக்க வெண்மையாக இருக்கும். உள்ளே வரிசையில் நிற்கிறவர்கள் முகம் பாதிதான் தெரியும்.

"ரே, வேலை இருக்கா?"

"இல்ல. எங்க கையெழுத்து?"

"இங்க."

"அடுத்த ஆளு வாய்யா. உனக்கும் இல்ல. எங்க போடணும்?"

சைமா முறை வந்தது. அவள் மட்டும் ஒவ்வொரு வாரமும் நிஜமாகவே கேட்பாள். "எனக்கு மாவு பிசைய வரும், ரே. காலையில நாலு மணிக்கு வரணும்னாலும் வருவேன்."

ரே பேனாவைக் கீழே வைத்துவிட்டான். "தெரியும் சைமா. இந்த வாரமும் இல்லம்மா. மன்னிச்சுக்க." பிறகு கையெழுத்துப் போட்டான்.

அதற்குப் பிறகு கடிதத்தை என்னிடம் நீட்டினாள். நான் படிப்பில் எட்டாவதோடு நின்றவன். எழுத்துக் கூட்டிப் படித்தேன். நவம்பர் பதினைந்து அன்று வேலைக்குத் தயாராக இல்லை என்று நீங்களே தெரிவித்திருப்பதால், உங்கள் தகுதி முடிவாகும்வரை எல்லாத் தொகையும் நிறுத்தப்படுகிறது. அவ்வளவுதான். கீழே ஒரு போன் எண். நாங்கள் பார்த்துப் பார்த்து மனப்பாடம் ஆன எண்.

"ஏன் சைமா ரெண்டை அமுக்கின?"

"தயாரா இருந்தீங்களான்னு கேட்டாங்க. நான் இல்லையே."

"ஊருல ஒருத்தனும் இல்லையே! நாங்க எல்லாரும் ஒன்னைத்தானே அமுக்கினோம்!"

"அது உங்க விரலு" என்றாள். கடிதத்தை மடித்துப் பைக்குள் வைத்தாள்.

அவளுக்கு மகன் ஒருத்தன், டேல். காரில் எட்டு மணி நேரம் தெற்கே. நல்ல பையன், ஆனால் பிறந்ததிலிருந்து அவசரம். அம்மா தனியாகக் கிடக்கிறாள் என்று ஓனி போன நாளிலிருந்து கூப்பிட்டுக்கொண்டே இருந்தான். உதவித்தொகை நின்றது தெரிந்ததும் நாள் குறித்துவிட்டான். "ஜனவரி பன்னெண்டு சனிக்கிழமை வேன் எடுத்துக்கிட்டு வரேன்ம்மா. கீழ் அறையைச் சுத்தம் பண்ணியாச்சு. வீட்டை வித்துடலாம்."

அந்தக் கீழ் அறையைச் சைமா பார்த்திருக்கிறாள். பாதி பூமிக்குள் இருக்கும். சன்னல் ஒன்று உண்டு, ரொட்டித் துண்டு அளவு. அதில் பக்கத்து வீட்டு ஏசிப் பெட்டி தெரியும்.

"அங்க மான் வராதா?" என்று கேட்டேன், வாய் சும்மா இருக்காமல்.

"அங்க நவம்பர் பதினஞ்சுன்னா என்னன்னே யாருக்கும் தெரியாது, வெர்ன்" என்றாள்.

ஆகவே விஷயம் இவ்வளவுதான். ஜனவரி பன்னிரண்டுக்குள் அந்த முடிச்சு அவிழ்ந்தால் ஏரிப் பனி உடைகிறவரை ஓட்டிவிடலாம், மில் கூப்பிடும், வீடு நிற்கும். அவிழாவிட்டால் வேன்.

மறுநாளிலிருந்து அவள் போன் போட ஆரம்பித்தாள். மற்றவர்களுக்கு இது கோபம் வரவைக்கிற வேலை. நானே ஒரு போனைச் சுவரில் எறிந்திருக்கிறேன். சைமாவுக்குக் கோபமே வரவில்லை. குடிலில் உட்காருகிற மாதிரியே சமையலறையில் உட்கார்ந்தாள். முதுகை நேராக வைத்து, கையை மடியில் வைத்து. உங்களுக்கு முன்னால் இருநூற்றுப் பதினான்கு பேர் என்று குரல் சொல்லும். பியானோ படி ஏறும். அடுப்பில் பிர்ச் விறகு மெதுவாகக் கரையும். மதியம் தொடர்பு அறுந்துபோகும். மறுபடி முதலிலிருந்து அமுக்குவாள். இப்படி மூன்று நாள்.

நாலாவது நாள் அவள் வாசல் பனியைத் தள்ளப் போயிருந்தேன். தள்ளி முடித்ததும் உள்ளே கூப்பிட்டுக் காப்பி கொடுத்தாள். போன் மேசைமேல் இருந்தது. நூற்றிப்பத்துப் பேர் என்றது. வெளியே பனி இறங்கிக்கொண்டிருந்தது, கனமில்லாமல், அவசரமில்லாமல். சன்னல் அடியிலிருந்து மேலே மேலே வெள்ளையாகிக்கொண்டு வந்தது. பியானோ ஏறியது, இறங்கியது. நான் எதையோ சொல்ல வாயைத் திறந்தது ஞாபகம் இருக்கிறது. என்ன சொல்ல வந்தேன் என்று ஞாபகம் இல்லை. தூங்கினேனா என்றும் தெரியாது. ஏதோ ஒரு நேரத்தில் சமையலறைச் சுவர் இல்லை, தேவதாரு மரங்கள் இருந்தன. படிக்கட்டில் யாரோ பியானோவைத் தூக்கிக்கொண்டு ஏறுகிறார்கள், ஒவ்வொரு படியிலும் ஒரு சத்தம். சைமாவைப் பார்த்தேன். கண் பாதி மூடியிருந்தது. மூச்சு வருகிறதா என்றே தெரியவில்லை.

"ஹலோ? திருமதி ரௌட்டியோ? நான் மார்லா பேசறேன். ஹலோ?"

"ஷ்ஷ்" என்றாள் சைமா.

"மேடம்?"

"அசையாத" என்றாள் மெதுவாக. கண்ணைத் திறக்கவில்லை.

தெற்கே எங்கேயோ ஒரு பெரிய கட்டடத்தில், நூறு பேர் பேசுகிற அறையில், மார்லா என்கிற அந்தப் பெண் நிஜமாகவே அசையாமல் இருந்தாள். எனக்குக் கேட்டது, அவளுக்குப் பின்னால் மற்றவர்கள் பேசுகிற இரைச்சல். அவள் மட்டும் மூச்சுவிடவில்லை. ஒரு நிமிஷம் இருக்கும். பிறகு சைமா கண்ணைத் திறந்து, போனைப் பார்த்து, என்னைப் பார்த்து, முகம் சிவந்துபோனாள்.

"மன்னிச்சுக்கம்மா. நான் வேற எங்கயோ இருந்தேன்."

"போயிடுச்சா?" என்று கேட்டாள் மார்லா.

"எது?"

"எதுவோ வந்துச்சில்ல. என்னை அசையாதன்னு சொன்னீங்களே."

சைமா சிரித்தாள். ஓனி போன பிறகு அவள் வாய்விட்டுச் சிரித்து நான் கேட்டது அன்றைக்குத்தான். பிறகு நடந்ததை எல்லாம் சொன்னாள். மார்லாவுக்கு நவம்பர் பதினைந்து என்றால் என்னவென்று தெரியவில்லை. சைமா சொல்லிக் கொடுத்தாள். மார்லா விசைகளைத் தட்டிக்கொண்டே இருந்தாள்.

"நீங்க அமுக்கினதை நான் மாத்த முடியாதுங்க. ஆனா நீங்க அப்பீல் பண்ணலாம். கடிதம் வந்த தேதியிலிருந்து முப்பது நாள். ஒரு தாள்ல எழுதி, கையெழுத்துப் போட்டு, ஃபேக்ஸ் பண்ணிடுங்க. ஒரு நீதிபதி போன்லயே விசாரிப்பார். அப்புறம் இன்னொன்னு, இதை மறந்துடாதீங்க. பணம் வரலையேன்னு செவ்வாய்க்கிழமை போனை நிறுத்திடாதீங்க. வாராவாரம் சொல்லிக்கிட்டே இருங்க. நிறுத்திட்டா, ஜெயிச்சாலும் அந்த வாரங்கள் கிடைக்காது. நிறையப் பேர் அங்கதான் கோட்டை விடறாங்க."

"காலியா இருக்கற பெல்ட்டைப் பார்த்துக்கிட்டு நிக்கணும்ங்கற" என்றாள் சைமா.

"புரியலைங்க."

"எனக்குப் புரிஞ்சுடுச்சு. ரொம்ப நன்றிம்மா."

அப்பீலை அவளே எழுதினாள். நாலு வரி. காட்டினாள். பதினைந்தாம் தேதி நான் காட்டில் இருந்தது உண்மை, மற்ற நாட்களில் தயாராக இருந்ததும் உண்மை, ஒரு நாளுக்காக எல்லா நாளையும் நிறுத்துவது சரியா என்று பாருங்கள். அவ்வளவு. மளிகைக்கடையில் ஃபேக்ஸ் இருந்தது. இறைச்சி எடை போடுகிற இடத்துக்குப் பக்கத்தில். தாள் உள்ளே போய் வெளியே வந்தது. அவள் அது போன வழியையே பார்த்துக்கொண்டு நின்றாள், ஓட்டைக்கு அந்தப் பக்கம் யாரோ இருக்கிற மாதிரி.

டிசம்பர் முழுக்க செவ்வாய்க்குச் செவ்வாய் போன் போட்டாள். ஒன்று, ஒன்று, ஒன்று. புதனுக்குப் புதன் ரேயிடம் வேலை கேட்டாள். பணம் வரவில்லை. விறகு கொட்டகையில் இருந்தது. மீன் ஏரியில் இருந்தது, பனியில் ஓட்டை போட்டு எடுத்தாள். நாங்கள் சிலபேர் மான் இறைச்சி கொண்டுபோய் வைத்தோம். கிறிஸ்துமஸுக்குக் கம்பு ரொட்டி சுட்டு எங்கள் எல்லார் வீட்டுக்கும் அனுப்பினாள். வாங்கும்போது எனக்குக் கூச்சமாக இருந்தது. ஒன்றை அமுக்கின விரலால் அதை எப்படிப் பிய்த்துத் தின்பது? தின்றேன், நல்ல ரொட்டி.

விசாரணை ஜனவரி ஏழு, திங்கட்கிழமை காலை பத்து மணி. நான் சாட்சி. யூனியன் ஒப்பந்தப் புத்தகம் என்னிடம் இருந்தது, சின்னது, சட்டைப் பைக்குள் போகும். அதில் பக்கம் பதினெட்டில் ஒரு வரியை நான் கண்டுபிடித்து வைத்திருந்தேன். அதில் ஜெயித்துவிடலாம் என்று எனக்கு நிச்சயம்.

சைமாவின் சமையலறையில் இரண்டு பேரும் உட்கார்ந்தோம். அவள் ஞாயிற்றுக்கிழமைச் சட்டை போட்டிருந்தாள். போன் அடித்தது. நீதிபதியின் குரல் உலர்ந்த குரல், ஆனால் அவசரம் இல்லாத குரல். மில்லிலிருந்து கீத் ட்ரெவார்த்தன் இன்னொரு தொடர்பில் இருந்தார். ஆட்களைச் சேர்ப்பதும் நிறுத்துவதும் அவர் வேலை. உண்மையே சொல்வேன் என்று சத்தியம் செய்ய வலது கையைத் தூக்குங்கள் என்றார் நீதிபதி. யாரும் யாரையும் பார்க்க முடியாது. சைமா கையைத் தூக்கினாள், தோளுக்கு மேலே, விரல்களை ஒட்டவைத்து. நானும் தூக்கினேன்.

"திருமதி ரௌட்டியோ, நேரா ஒரு கேள்வி. நவம்பர் பதினஞ்சு அன்னிக்குக் காலையில பத்து மணிக்கு மில்லு உங்களைக் கூப்பிட்டிருந்தா போயிருப்பீங்களா?"

நான் அவளைப் பார்த்துத் தலையை ஆட்டினேன், மேலும் கீழும், கழுத்து வலிக்கிற அளவுக்கு. கூரையிலிருந்து பனி ஒரு பாளமாகச் சரிந்து விழுந்தது. அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். பெல்ட்டில் எத்தனையோ தகடுகளை அப்படிப் பார்த்திருக்கிறாள்.

"இல்லைங்க" என்றாள்.

நான் நெற்றியை மேசையில் வைத்துக்கொண்டேன்.

"ஏன்?"

"அன்னிக்கு நான் அங்க உக்காரணும்ங்க."

"எதையாவது சுட்டீங்களா?"

"இல்லைங்க. ஆறு வருஷமா சுடறதில்ல."

"அப்ப நாள் பூரா என்ன பண்ணீங்க?"

சைமா யோசித்தாள். நீதிபதி காத்திருந்தார்.

"மொதல்ல ஒன்னும் தெரியாதுங்க. இருட்டு. அப்புறம் மரமெல்லாம் ஒவ்வொன்னா வரும், யாரோ கொண்டாந்து வைக்கற மாதிரி. பனி விழற சத்தம் கேக்கும். சத்தம் இல்லைம்பாங்க, இருக்கு. மத்தியானம் ஒரு ஆண் மான் வந்துச்சு. என்னைப் பார்த்துச்சு. அதுக்கும் அவசரமில்ல, எனக்கும் அவசரமில்ல. வருஷம் முச்சூடும் என் முன்னால தகடு ஓடிக்கிட்டே இருக்குங்க, மூணு செகண்டுக்கு ஒன்னு. இது ஆகும், இது ஆகாதுன்னு சொல்லிக்கிட்டே இருக்கணும். தூக்கத்துலயும் சொல்லுவேன். அந்த ஒரு நாள் மட்டும் நான் எதையும் ஆகும் ஆகாதுன்னு சொல்றதில்லைங்க. வர்றதைப் பார்ப்பேன். அவ்வளவுதான்."

போனில் தாள் புரட்டுகிற சத்தம்கூட இல்லை. அந்தப் பியானோ வந்துவிடும்போல் இருந்தது. வரவில்லை.

"மிஸ்டர் ட்ரெவார்த்தன்" என்றார் நீதிபதி கடைசியில். "அன்னிக்கு மில்லுல வேலை இருந்துச்சா?"

"இல்லைங்கய்யா. லே-ஆஃப்ல மூடியிருந்துச்சு."

"மூடாம இருந்திருந்தா?"

கீத் தொண்டையைச் செருமினார். "மூடாம இருந்தாலும் அன்னிக்கு மூடித்தாங்க இருக்கும்."

"அதைத்தான் நான் சொல்ல வந்தேன்!" என்று நான் குறுக்கே விழுந்தேன். புத்தகத்தைத் திறந்து எழுத்துக் கூட்டிப் படித்தேன். நவம்பர் பதினைந்தாம் நாள் ஆலை இயங்காது, அன்று எந்தத் தொழிலாளரும் அழைக்கப்பட மாட்டார். விரலை வரிக்குக் கீழே வைத்துப் படித்ததில் விரல் ஈரமாகிவிட்டது.

"நன்றி. நீங்க அன்னிக்கு எங்க இருந்தீங்க?" என்று என்னைக் கேட்டார் நீதிபதி.

இதை நான் எதிர்பார்க்கவில்லை. சைமா என்னைப் பார்க்காமல் சன்னலைப் பார்த்தாள். அது அவள் நல்ல குணம்.

"காட்டுலங்க" என்றேன். "ஆனா கூப்பிட்டிருந்தா வந்திருப்பேன். வாயில வர்றதையெல்லாம் சொல்லித் திட்டிக்கிட்டே வந்திருப்பேன். ஆனா வந்திருப்பேன்."

"நம்பறேன்" என்றார் நீதிபதி. "மிஸ்டர் ட்ரெவார்த்தன், நீங்க?"

"நானும் காட்டுலதாங்க."

முடிவைத் தபாலில் அனுப்புவதாகச் சொல்லி வைத்துவிட்டார்.

"ஏன் சைமா? ஒரு 'ஆமா' சொல்லியிருந்தா முடிஞ்சிருக்கும்" என்றேன்.

"கையைத் தூக்கியிருந்தேனே" என்றாள்.

செவ்வாய் தபால் வரவில்லை. புதன் இல்லை, வியாழன் இல்லை, வெள்ளி இல்லை. சனிக்கிழமை மத்தியானம் வேன் வந்தது. டேல் இறங்கும்போதே கையில் அட்டைப்பெட்டிகள். பையன் கண்ணுக்குக் கீழே கறுப்பாக இருந்தது. அங்கே இரண்டு வேலை பார்க்கிறான்.

"முதல்ல பாத்திரம் கட்டிடலாம்மா. நாளைக்குக் காலையில கிளம்பினா சாயங்காலம்..."

"திங்கட்கிழமைத் தபால் வரட்டும்" என்றாள் சைமா.

"அம்மா, நான் திங்கட்கிழமை ராத்திரி ஷிஃப்ட்டுக்கு..."

"செவ்வாய்க்கிழமை போயிக்கலாம். சவுனா சூடு பண்ணியிருக்கேன். போய் உக்காரு."

அவன் எங்களோடு சண்டை போட்டுப் பார்த்தான். நான் அங்கேதான் இருந்தேன், பெட்டிகளை வேனிலேயே திருப்பி வைத்தவன் நான்தான். அப்புறம் ஆவிக் குளியலுக்குப் போனான். வெளியே வந்தபோது உடம்பெல்லாம் ஆவி, முகம் குழந்தை முகம் மாதிரி. சூப் குடித்தான். நாற்காலியில் உட்கார்ந்தபடியே தூங்கிப்போனான். பதினாலு மணி நேரம் தூங்கினான். ஞாயிற்றுக்கிழமை எழுந்து சாப்பிட்டுவிட்டு மறுபடி தூங்கினான். வெளியே பனி, ஏரி தெரியவில்லை, வேன் ஒரு வெள்ளை மேடாக மாறிக்கொண்டிருந்தது. சைமா நடுவில் உட்கார்ந்து, ஒரு காதில் மகன் குறட்டையும் ஒரு காதில் அடுப்புச் சத்தமுமாக, காத்திருந்தாள். அவளை அப்படி நிம்மதியாக நான் பார்த்ததில்லை.

திங்கட்கிழமை பதினொரு மணிக்குத் தபால் வந்தது. கத்தியால் பிரித்தாள். முதலில் அவள் படித்தாள், பிறகு என்னிடம் கொடுத்தாள். டேல் என் தோளுக்கு மேலாகப் பார்த்தான்.

நவம்பர் பதினைந்து வருகிற அந்த ஒரு வாரத்துக்கு அவளுக்குத் தகுதி இல்லை. மற்ற எல்லா வாரங்களுக்கும் உண்டு. நிறுத்திவைத்தது செல்லாது. அவள் வாராவாரம் தவறாமல் சொல்லிவந்ததால் எல்லாம் சேர்த்துத் தரப்பட வேண்டும்.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "அந்த ஒரு வாரத்தை ஏன் பிடிச்சுக்கிட்டான்? புத்தகத்துல எழுதியிருக்கே! பக்கம் பதினெட்டு! திரும்பவும் அப்பீல் பண்ணு!"

"எதுக்கு? அந்த வாரம் நான்தான் இல்லைன்னு சொன்னேன்." கடிதத்தை வாங்கி மறுபடி ஒரு தடவை கண்ணை ஓட்டினாள். "நல்லாத் தரம் பிரிக்கறான் வெர்ன், அந்தாளு. முடிச்சு இருக்கற தகட்டை மட்டும் எடுத்துட்டான். மொத்தக் கட்டையும் தூக்கிப் போடல."

அவள் யாரையும் அப்படிப் பாராட்டி நான் கேட்டதில்லை.

டேல் வெளியே போய் வேன்மேல் இருந்த பனியைத் தள்ள ஆரம்பித்தான். செவ்வாய்க்கிழமை காலையில் கிளம்பினான். காலிப் பெட்டிகள், நாலு கம்பு ரொட்டி, ஒரு பொட்டலம் புகைபோட்ட மீன். நானும் வழியனுப்பப் போயிருந்தேன். சைமா போனைக் காதில் வைத்தபடி வாசல்வரை வந்தாள், கம்பி எட்டுகிறவரை. அன்று செவ்வாய் இல்லையா. குரல் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தது. அவள் கட்டை விரலால் ஒன்றை அமுக்கினாள், மறு கையால் மகன் காலரைச் சரிசெய்தாள்.

"அம்மா" என்றான் டேல். "அன்னிக்கு அங்க உக்காந்து நீ என்னதான் பண்ற?"

"ஒன்னும் பண்றதில்ல."

அவன் தேவதாரு மரங்கள் பக்கம் பார்த்தான். மரம் தெரியவில்லை, பனிக்குள் ஒரு நிறம் மட்டும் இருந்தது.

"அடுத்த வருஷம் நானும் வரட்டுமா?"

சைமா ஒன்றை அமுக்கினாள். "ரெண்டு பேர் உக்காந்தா முழங்கால் இடிக்கும்."

"பரவால்ல."

"அப்ப லீவு கேட்டுட்டு வா" என்றாள். "உடம்பு சரியில்ல, அம்மாவுக்கு முடியலன்னு எல்லாம் சொல்லாத. எதுக்குன்னு கேட்டா, இதுக்குத்தான்னு சொல்லிட்டு வா."